யானை தொட்டால் ஆசி... நாம் தொட்டால்?

கோயில் யானையிடம் ஆசி வாங்காதவர்கள் நம்மில் எத்தனை பேர் இருப்போம்? மதுரை மீனாட்சியம்மன் கோயிலுக்கோ, திருப்பரங்குன்றத்துக்கோ, அழகர்கோவிலுக்கோ போனபோது என்றாவது ஒரு நாள் யானைக்கு முன்னால் தலை குனிந்து நின்றிருப்பீர்கள். உள்ளங்கையில் நாணயத்தை வைத்து நீட்டியதும், ஈரமான துதிக்கை நுனி அதை எடுத்துப் பாகனிடம் கொடுக்கும். பிறகு அந்தத் துதிக்கை மெள்ள நம் தலையில் இறங்கும். 'புஸ்' என்று வெதுவெதுப்பான மூச்சு உச்சந்தலையில் படும். இடுப்பில் இருக்கும் குழந்தை வீறிட்டு அழும். "ஒண்ணும் பண்ணாதுடா கண்ணா... பிள்ளையார்டா!" என்று சமாதானம் சொல்லிக்கொண்டே நகர்ந்திருப்பீர்கள்.

யானை நம்மைத் தொட்டது, சரி. அதே நொடியில் நாமும் யானையைத் தொட்டோம் அல்லவா? அந்த ஸ்பரிசம் அதற்கு எப்படி இருந்திருக்கும்?

இது விளையாட்டாகக் கேட்கிற கேள்வி இல்லை சகோதரிகளே! பசுவின் பின்புறத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்கிறோம். கன்றின் நெற்றியில் மஞ்சளும் குங்குமமும் வைக்கிறோம். மாட்டுப் பொங்கலன்று கொம்புக்கு வர்ணம் பூசி, கழுத்தில் மாலை கட்டுகிறோம். நம்முடைய வழிபாட்டில் இன்னொரு ஜீவனின் உடம்பின் மேல் கை வைக்கிற இடங்கள் எத்தனையோ இருக்கின்றன. அந்த ஜீவன் விரும்பாதபோது தொட்டு வாங்குகிற ஆசி, ஆசிதானா? இதைப் பற்றி நம் பெரியவர்கள் யோசிக்காமலா இருந்திருப்பார்கள்?

ஓர் அறிவு... ஆறு அறிவு!

கண்ணால் பார்ப்பது ஒருவழிப் பாதை. ஜன்னல் திரைக்குப் பின்னால் நின்றுகொண்டு தெருவையே பார்க்கலாம். தெருவில் போகிறவருக்கு நம்மைத் தெரியாது. பக்கத்து வீட்டுப் பேச்சு காதில் விழலாம், அவர்களுக்குத் தெரியாது. அடுத்த வீட்டில் சாம்பார் தாளிக்கும் வாசனையும் அப்படித்தான். தொடும்போது மட்டும் இப்படி ஒளிந்துகொள்ள முடியாது. நீங்கள் ஓர் உயிரைத் தொட்டால், அந்த உயிரும் உங்களைத் தொடுகிறது. கை நடுங்கினால் அதற்குத் தெரியும். அவசரம் இருந்தால் தெரியும். அன்பு இருந்தாலும் தெரியும்.

தொல்காப்பியர், மரபியலில் உயிர்களை ஆறு வகையாகப் பிரிக்கிறார். புல்லும் மரமும் ஓரறிவு உயிர்கள். அந்த ஓர் அறிவு எது தெரியுமா? தொட்டால் உணர்கிற அறிவு. அதற்கு மேல்தான் நாக்கு, மூக்கு, கண், செவி எல்லாம் ஒவ்வொன்றாகச் சேருகின்றன. விலங்குகள் ஐயறிவு உடையவை. மனமும் சேர்ந்த மனிதர்கள் ஆறறிவு உடையவர்கள். இந்தக் கணக்கை நாம் பள்ளிக்கூடத்தில் படித்தபோது, 'நாமே உசத்தி' என்பதை மட்டும் மனப்பாடம் செய்துகொண்டோம். கணக்கின் முதல் படியை மறந்துவிட்டோம். அந்த முதல் படியில்தான் புல்லும், எறும்பும், பசுவும், யானையும், நாமும் சேர்ந்து நிற்கிறோம். எல்லா உயிர்களுக்கும் பொதுவான ஒரே பாஷை, ஸ்பரிசம்தான்.

இன்னொன்றையும் கவனியுங்கள். சைவத்தில் குருவானவர் சீடனுக்குத் தீட்சை கொடுக்கும் முறைகளில் நயன தீட்சை, ஸ்பரிச தீட்சை, மானச தீட்சை என்று உண்டு. பார்வையால், தொடுதலால், நினைவால் அனுக்கிரகம் செய்வது. இவற்றை விளக்கப் பெரியவர்கள் சொன்ன உவமைகள் அழகானவை. மீன் தன் முட்டையைப் பார்த்துக்கொண்டே இருந்து குஞ்சு பொரிக்கும். அது நயன தீட்சை. ஆமை கரையில் முட்டையிட்டுவிட்டுத் தண்ணீருக்குள் இருந்தபடி நினைத்துக்கொண்டே இருக்கும். அது மானச தீட்சை. பறவை தன் முட்டையின் மேல் உட்கார்ந்து, சிறகால் அணைத்து, உடம்பின் சூட்டைக் கொடுத்துப் பொரிக்கும். அது ஸ்பரிச தீட்சை.

மீனைப் போலப் பார்வையாலேயே உலகைக் காப்பவள் என்பதால் நம் அன்னைக்கு மீனாட்சி என்று பெயர் வந்ததாகச் சொல்வார்கள். அது எல்லோருக்கும் தெரிந்ததே. நான் சொல்ல வருவது வேறு. தொடுதலின் மகிமை என்ன என்று சொல்ல வந்தபோது, பெரியவர்கள் ஒரு மகானின் கையை உதாரணம் காட்டவில்லை. ஒரு பறவையின் சிறகைக் காட்டினார்கள். குருவின் தொடுதலைப் புரிந்துகொள்ளவே நாம் பிராணிகளிடம்தான் பாடம் கேட்க வேண்டியிருக்கிறது!

பன்றிக்குத் தாயான பரமன்

மதுரையின் திருவிளையாடல்கள் 64 என்று நமக்குத் தெரியும். பரஞ்சோதி முனிவர் பாடிய திருவிளையாடல் புராணத்தில் 45-வது படலம் முதல் 48-வது படலம் வரை தொடர்ச்சியாக நான்கு படலங்கள் பிராணிகளுக்கே. முதல் இரண்டும் பன்றிக்குட்டிகளுக்கு. அடுத்தது கரிக்குருவிக்கு. அதற்கடுத்தது நாரைக்கு.

காக்கைகள் கொத்தித் துரத்திய கரிக்குருவிக்கு ஈசன் மந்திர உபதேசம் செய்தார். அது வாக்கால் செய்த அருள். அபிஷேக பாண்டியன் காலத்தில் எல்லாம் வல்ல சித்தராக வந்தபோது, கல் யானையைக் கடைக்கண்ணால் பார்த்தார். அது உயிர்பெற்று, கரும்பைச் சுவைத்துத் தின்றதோடு, அரசனின் முத்துமாலையையும் பறித்து விழுங்கிவிட்டது. அது பார்வையால் செய்த அருள். பன்றிக்குட்டிகளிடம் வரும்போது மட்டும் பார்வையும் போதவில்லை, வாக்கும் போதவில்லை.

கதை இதுதான். சுகலன் என்பவனுக்குப் பன்னிரண்டு பிள்ளைகள். செல்வத்தில் புரண்டு, பெற்றவர்களும் போனபின் கேட்பாரின்றித் திரிந்த அந்தப் பிள்ளைகள், தவம் செய்துகொண்டிருந்த குரு பகவான் மேல் மண்ணையும் கல்லையும் வீசித் தொல்லை கொடுத்தார்கள். 'பன்றிக்குட்டிகளாகப் பிறந்து, தாயை இழந்து தவிப்பீர்கள்' என்று சபித்தார் குரு. அப்படியே பிறந்தார்கள். பாண்டிய மன்னனின் வேட்டையில் தகப்பன் பன்றியும் தாய்ப்பன்றியும் இறந்தன. பால்குடி மறவாத பன்னிரண்டு குட்டிகளும் காட்டில் பசியால் துடித்தன.

இந்த இடத்தில் கொஞ்சம் நில்லுங்கள். ஈசன் நினைத்திருந்தால் அங்கே ஒரு பாற்குளத்தை உண்டாக்கியிருக்கலாம். சாபத்தையே அந்த நொடியில் நீக்கியிருக்கலாம். அப்படிச் செய்யவில்லை. தாய்ப்பன்றியாகவே வந்தார். குட்டிகள் முட்டி முட்டிக் குடிக்க, பக்கத்தில் படுத்துப் பால் கொடுத்தார். பிள்ளை பெற்ற உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. பசித்த குழந்தைக்குப் பால் மட்டும் போதுமா? மடியின் சூடு வேண்டும், அம்மாவின் உடம்பு வாசனை வேண்டும். அந்தத் தாய்மையின் ஸ்பரிசத்தில்தான் குட்டிகளுக்கு ஞானமும் பலமும் வந்ததாகவும், மனித உடலும் பன்றி முகமுமாக மாறிய அவர்களைப் பாண்டியன் மந்திரிகளாக்கிக்கொண்டதாகவும் புராணம் சொல்கிறது.

'இவ்வளவு இழிந்த பிறவிக்கு நீங்களே தாயாக வேண்டுமா?' என்று அம்பிகையே சுவாமியிடம் கேட்டாளாம். எல்லா உயிருக்கும் தாயும் தந்தையும் நாமே என்பதுதான் பதிலாக வந்தது. பன்றியைக் கண்டால் புடவைத் தலைப்பை இழுத்துக்கொண்டு ஒதுங்குகிறோமே, நம் சார்பில் கேட்ட கேள்வியாகவே எனக்குப் படுகிறது.

திருமலை நாயக்கர் கட்டிய புதுமண்டபத் தூண்களில் இந்த இரண்டு திருவிளையாடல்களும் சிற்பங்களாக இருக்கின்றன. கரும்பு தின்னும் கல் யானையும் உண்டு, பன்றியாகிப் பால் கொடுக்கும் பரமனும் உண்டு. பாத்திரக் கடை, தையல் கடை, புத்தகக் கடை என்று பல வருடங்கள் நெருக்கியடித்துக்கொண்டிருந்த அந்த மண்டபத்தில், துணிக்குவியலுக்குப் பின்னால் யாருக்கும் தெரியாமல் நின்றுகொண்டிருந்த சிற்பங்கள் அவை.

ஐராவதம் வளர்த்த பெண்

யானைக்கு வருவோம். முருகப்பெருமான் தெய்வானையை மணந்த தலம் திருப்பரங்குன்றம். தெய்வயானை என்ற பெயர் எப்படி வந்தது? திருமாலின் மகளான அமிர்தவல்லி குழந்தை வடிவில் இந்திரனிடம் வந்தபோது, அவளை வளர்க்கும் பொறுப்பு ஐராவதம் என்ற தேவலோகத்து யானையிடம் விடப்பட்டது. தெய்வ யானை வளர்த்த பெண், தெய்வயானை ஆனாள். ஒரு யானையின் துதிக்கையைப் பிடித்துக்கொண்டு நடை பழகிய பெண்ணைத்தான் நாம் தெய்வமாகக் கும்பிடுகிறோம்.

அந்தத் துதிக்கையைப் பற்றிக் கொஞ்சம் தெரிந்துகொள்ளுங்கள். அதில் எலும்பு ஒன்றுகூடக் கிடையாது, எல்லாம் தசைதான். மரத்தைத் தூக்கும் அதே துதிக்கை, தரையில் கிடக்கும் ஒற்றை நாணயத்தையும் எடுக்கும். நம் ஊர் யானைக்குத் துதிக்கை நுனியில் விரல் போல ஒரு நீட்சி இருக்கிறது. யானைக்குப் பார்வை அத்தனை கூர்மை இல்லை; உலகத்தை அது பெரும்பாலும் முகர்ந்தும் தொட்டுமே தெரிந்துகொள்கிறது.

காட்டில் பெண் யானைகள் தனியாக வாழ்வதில்லை. பாட்டி, அம்மா, சித்தி, அக்கா, குட்டிகள் என்று ஒரு கூட்டுக் குடும்பம். சந்தித்தால் துதிக்கையைப் பின்னிக்கொள்ளும். தாய் தன் குட்டியை நாள் முழுக்கத் தொட்டுக்கொண்டே இருக்கும். தாய்லாந்தில் யானைகளைக் கவனித்த ஜோஷுவா பிளாட்னிக், பிரான்ஸ் டி வால் என்ற இரு ஆராய்ச்சியாளர்கள் 2014-ல் ஒரு விஷயத்தைப் பதிவு செய்தார்கள். ஒரு யானை எதையாவது கண்டு மிரண்டால், பக்கத்து யானை ஓடிவந்து துதிக்கையால் அதன் முகத்தைத் தொடும். சில சமயம் துதிக்கை நுனியை அதன் வாய்க்குள் வைக்கும். 'நான் இருக்கேன்' என்று நாம் தோளில் கை வைப்போமே, அதேதான்!

நம் கோயில்களில் இருக்கும் யானைகளோ பெரும்பாலும் பெண் யானைகள். அதுவும் கோயிலுக்கு ஒன்றுதான். கூட்டுக் குடும்பத்தில் பிறந்த பெண்ணைத் தனிக்குடித்தனம் வைத்த மாதிரி. அதற்குத் தொடவும் பேசவும் இருக்கிற ஒரே உறவு பாகன்தான். காதுக்குப் பின்னால் பாகனின் கால் விரல் அழுத்துகிற விதத்திலேயே 'நட, நில், திரும்பு' எல்லாம் அதற்குப் புரிந்துவிடும். தினமும் படுக்க வைத்துத் தேய்த்துக் குளிப்பாட்டுகிற கையும் அவருடையதே.

மீனாட்சியம்மன் கோயில் யானை பார்வதிக்குக் கண்ணில் புரை வந்தபோது, 2022-ல் தாய்லாந்திலிருந்து மருத்துவர்கள் வந்து பார்த்தார்கள். மீன் போன்ற கண்ணாள் கோயிலில், கண் மங்கிய ஒரு யானை. கண் மங்கிய யானைக்குத் தொடுதலும் குரலும் வாசனையும்தானே உலகம்? அப்படிப்பட்ட யானையின் அருகே, அது அறியாத பக்கத்திலிருந்து ஒருவர் சட்டென்று கை வைத்தால் அதற்கு எப்படி இருக்கும்? இருட்டில் மாவரைத்துக்கொண்டிருக்கும்போது, பின்னாலிருந்து யாரோ தோளைத் தொட்டால் நமக்கு எப்படி இருக்குமோ, அப்படித்தானே?

வருத்தமான சம்பவங்களும் உண்டு, மறைப்பதில் புண்ணியமில்லை. 2020 மே மாதம் திருப்பரங்குன்றம் கோயில் யானை தெய்வானை தாக்கியதில் அதன் உதவிப் பாகர் இறந்தார். 2024 நவம்பரில் திருச்செந்தூரில், அதே பெயர் கொண்ட இன்னொரு யானை தாக்கியதில் பாகரும் அவருடைய உறவினரும் இறந்தார்கள். இரண்டும் முருகன் தலம், இரண்டு யானைக்கும் அம்மன் பெயர். 'மதம் பிடித்துவிட்டது' என்று சுலபமாகச் சொல்லிவிடுகிறோம். மதம் என்பது ஆண் யானைக்கு உரியது; இவை பெண் யானைகள். தனிமையும், கூட்டமும், சங்கிலியும், சத்தமும், நாள் முழுக்கப் பழக்கமில்லாத கைகளும் அந்த உடம்பின் மேல் பட்டுக்கொண்டே இருந்தால், ஒரு நாள் அதன் பொறுமை எங்கே போகும் என்று நாம் கேட்டுக்கொண்டோமா? 

2003 முதல் நம் அரசு கோயில் யானைகளுக்கு நடத்திய புத்துணர்வு முகாம்களின் புகைப்படங்களைப் பார்த்திருப்பீர்கள். முதுமலையிலும், பிறகு தேக்கம்பட்டியிலும் முகாம் நடந்தபோது, அங்கே வந்து இறங்கிய யானைகள் முதலில் செய்தது, ஒன்றையொன்று துதிக்கையால் தொட்டதுதான். வருடத்துக்கு ஒரு முறை தாய்வீடு போகிற பெண்களுக்கு அந்தப் படங்கள் சட்டென்று புரியும். 2023-ல் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, கோயில்கள் இனிப் புதிதாக யானைகளை வாங்கக் கூடாது என்ற கருத்தில் உத்தரவிட்டது. 'யானை இல்லாத கோயிலா?' என்று பலருக்கு மனசு கேட்கவில்லை. எனக்கும் யானை இல்லாத திருவிழா வெறிச்சென்றுதான் தோன்றுகிறது. ஆனால் என்னுடைய அந்த வெறுமையையும், கூட்டம் இல்லாத யானையின் வெறுமையையும் தராசில் வைத்தால், அதன் தட்டுதான் தாழ்கிறது.

மூன்றாவது மாடியில் கோமாதா

யானையை என்றோ ஒரு நாள்தான் பார்க்கிறோம். பசு அப்படியில்லை. கிரகப் பிரவேசம் என்றால் பசுவும் கன்றும் வராமல் நடக்காது. ஓட்டு வீடும் முற்றமும் இருந்த காலத்தில் வாசல் வழியாக வந்து, கூடத்தைத் தாண்டி, கொல்லைப்புறமாகப் போய்விடும். காலடியில் மண்ணோ சாணி மெழுகிய தரையோ இருக்கும்.

இன்றைக்கு? விடிகாலை நாலரை மணி முகூர்த்தம். பசுவையும் கன்றையும் சரக்கு வேனில் ஏற்றிக் கொண்டுவருகிறார்கள். (அந்த வேனுக்கு நம் ஊரில் 'குட்டி யானை' என்று பெயர் வேறு!) அப்பார்ட்மென்ட் வாசலில் சீரியல் பல்பு. நாதஸ்வரம் ஸ்பீக்கரில் அலறுகிறது. மாடிப்படியில் முன்னால் ஒருவர் கயிற்றை இழுக்க, பின்னால் ஒருவர் தள்ள, பசு ஏறுகிறது. பளபளவென்ற டைல்ஸில் குளம்பு வழுக்குகிறது. கன்று அம்மாவின் வயிற்றோடு ஒட்டிக்கொண்டு நடுங்குகிறது. சுற்றிலும் செல்போன்கள். எல்லோரும் கையை நீட்டிப் பின்புறத்தைத் தொடுகிறார்கள். அங்கே மகாலட்சுமி வாசம் செய்கிறாள் என்பது ஐதீகம்.

அந்த நேரத்தில் பசு சாணமோ கோமியமோ விட்டுவிட்டால், "ஆஹா! லட்சுமி கடாட்சம் வந்தாச்சு" என்று வீடே பூரிக்கிறது. பசு சாதாரணமாகவே ஒரு நாளைக்குப் பத்துப் பன்னிரண்டு முறை சாணம் போடும். அது இயல்பு. ஆனால் மாடு வளர்ப்பவரிடம் தனியாகக் கேட்டுப் பாருங்கள். மிரண்ட மாடும் உடனே கழியும் என்பார். புது இடம், வழுக்கும் தரை, கூச்சல், பின்னாலிருந்து பத்துக் கை. நாம் சகுனம் என்று கொண்டாடியது அதன் பயமாகவும் இருக்கலாம் அல்லவா? ஏறிய படியில் இறங்குவது அதற்கு இன்னும் சிரமம். படியில் இறங்க மாட்டாமல் நின்று தவிக்கும் பசுவை நீங்களே பார்த்திருப்பீர்கள். அப்போது வீட்டுக்காரர்கள் யாரும் கூட இருப்பதில்லை. உள்ளே பால் காய்ச்சிக்கொண்டிருப்பார்கள்.

சம்பிரதாயத்தை விட்டுவிடுங்கள் என்று நான் சொல்லவில்லை. பசுவும் கன்றும் தரைத்தளத்து வாசலில், மாக்கோலத்தின் மேல் நிற்கட்டும். அங்கேயே பூஜையைச் செய்யலாம். மனைக்கு வந்த லட்சுமி வாசலிலிருந்து உங்கள் மூன்றாவது மாடிக்கு வர மாட்டாளா என்ன? சாஸ்திரம் தெரிந்த புரோகிதர்களில் இதற்குச் சம்மதிப்பவர்கள் நிறையப் பேர் உண்டு. கேட்கத்தான் நாம் தயங்குகிறோம். நாலு பேர் என்ன சொல்வார்களோ என்று.

தொடுகிற முறையும் இருக்கிறது. பசுவின் கண்கள் முகத்தின் இரு பக்கமும் இருப்பதால் ஏறக்குறைய சுற்றிலும் பார்க்கும். தனக்கு நேர் பின்னால் இருப்பது மட்டும் தெரியாது. நாம் முதலில் கை வைப்பதே அந்த இடத்தில்தான்! பக்கவாட்டில், அது பார்க்கிற மாதிரி வந்து, கையை முகத்தருகே நீட்டுங்கள். முகர்ந்து பார்க்கட்டும். பிறகு கழுத்துக்குக் கீழே தொங்கும் அலைதாடியை மெதுவாக வருடுங்கள். பசுக்கள் ஒன்றையொன்று நக்கிக் கொடுக்கும் இடம் கழுத்துதான். வியன்னா கால்நடை மருத்துவப் பல்கலைக்கழகத்தினர் 2008-ல் வெளியிட்ட ஆய்விலும், கழுத்தின் அடிப்பக்கத்தை வருடும்போது பசுக்கள் கழுத்தை நீட்டி, காதைத் தொங்கவிட்டு நிம்மதியாக நின்றதைச் சொல்லியிருக்கிறார்கள். வியன்னாவுக்குப் போவானேன், நம் பாட்டிமார்களுக்குத் தெரியாததா? 'தாடியைச் சொறிஞ்சு குடு, நிக்கும்' என்பார்களே! அப்படி நின்ற பசுவின் பின்புறத்தைப் பிறகு தாராளமாகத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்ளலாம்.

இன்னொரு விஷயம், பால். கன்று வந்து மடியை முட்டினால் பசுவுக்குப் பால் இறங்கும். அந்த முட்டலில், அந்த நாவின் ஸ்பரிசத்தில், ஆக்ஸிடோசின் என்ற சுரப்பு அதன் உடம்பில் பெருகுகிறது. தாய்ப்பால் கொடுக்கும் பெண்ணுக்கும் அதே சுரப்புதான். கன்றில்லாமல் ஊசி போட்டுப் பால் இறக்குவதை 1960-ஆம் ஆண்டு மிருகவதைத் தடுப்புச் சட்டமே குற்றம் என்கிறது. இருந்தும் நடக்கிறது. பிரதோஷத்துக்கு அபிஷேகப் பால் வாங்கும்போது, அது எந்த வீட்டுப் பசுவின் பால், கன்று உயிரோடு இருக்கிறதா என்று கேட்டு வாங்குகிற வழக்கம் நம் பாட்டி வீட்டில் இருந்தது. பாக்கெட் பால் வந்தபின் கேட்க ஆளில்லை. திருமூலர் பசுவுக்கு ஒரு வாய்ப் புல் கொடுப்பதை எல்லோராலும் செய்ய முடிந்த தர்மமாகச் சொன்னார். அதையாவது செய்யலாம். அகத்திக்கீரையை வாங்கி எட்ட நின்று வீசாமல், கையால் ஊட்டிப் பாருங்கள். சொரசொரவென்ற அந்த நாக்கு உள்ளங்கையில் பட்டால், கோமாதா என்று ஏன் சொன்னார்கள் என்று தெரியும்.

யாரும் தொடாத காளை

மதுரைச் சீமையில் இருந்துகொண்டு ஜல்லிக்கட்டைச் சொல்லாமல் முடிக்க முடியுமா? கலித்தொகையின் முல்லைக்கலி அதை ஏறு தழுவுதல் என்கிறது. தழுவுதல் என்றால் அணைத்துக்கொள்வது. 2014-ல் உச்ச நீதிமன்றம் தடை விதித்தது, 2017 ஜனவரியில் இளைஞர்கள் போராடிச் சட்டத் திருத்தம் வந்தது, 2023 மே மாதம் அந்தச் சட்டம் செல்லும் என்று தீர்ப்பானது என்பதெல்லாம் உங்களுக்குத் தெரிந்த கதை. வாலைப் பிடிக்கக் கூடாது, கொம்பைப் பிடிக்கக் கூடாது, திமிலை மட்டுமே தழுவ வேண்டும் என்பது விதி. அந்த விதியை மீறினால் ஆட்டம் கெட்டது என்பதில் எனக்குச் சந்தேகமில்லை.

ஆனால் வாடிவாசலில் நடப்பது சில நொடிகள். வருடத்தின் மீதி நாட்களை அந்தக் காளை யாரோடு கழிக்கிறது? அலங்காநல்லூர், பாலமேடு பக்கத்துக் கிராமங்களில் போய்ப் பாருங்கள். பல வீடுகளில் காளையைப் பார்த்துக்கொள்வது பெண்கள்தான். பருத்திக்கொட்டை ஆட்டி வைப்பதும், கண்மாயில் குளிப்பாட்டுவதும், கழுத்தைக் கட்டிக்கொண்டு பேசுவதும் அவர்களே. பத்தடி தூரத்தில் அந்நிய ஆள் வந்தால் மண்ணைப் பறிக்கிற காளை, பாவாடை கட்டிய ஒரு சிறுமி மூக்கணாங்கயிற்றைப் பிடித்தால் பின்னாலேயே நடக்கும். கயிற்றின் பலத்தாலா? அந்தக் கை அதற்குக் கன்றாக இருந்த நாளிலிருந்து தெரியும்.

தை முதல் நாள் அவனியாபுரம், இரண்டாம் நாள் பாலமேடு, மூன்றாம் நாள் அலங்காநல்லூர். ஆட்டம் தொடங்கும்போது முதலில் வருவது ஊர்க் கோயில் காளை. கொம்பில் பூச்சுற்றி, நெற்றியில் சந்தனமும் குங்குமமுமாக அது வாடிவாசலைத் தாண்டி வரும். இரண்டு பக்கமும் மாடுபிடி வீரர்கள் நிற்பார்கள். வருடம் முழுக்கப் பயிற்சி எடுத்த கைகள், ஒரு திமிலைத் தொட்டுவிடத் துடிக்கிற கைகள். அந்தக் காளையை மட்டும் யாரும் பிடிப்பதில்லை. பாய்ந்து வந்தாலும் சரி, அசைந்து அசைந்து நடந்து வந்தாலும் சரி, கும்பிட்டு வழிவிடுகிறார்கள். அது தன் இஷ்டத்துக்கு நின்று, சுற்றிலும் பார்த்து, வெளியே போகும். அதற்குப் பிறகுதான் அடுத்த காளைக்கு வாடிவாசல் திறக்கிறது.